குருட்டாம்போக்கில் குறித்தால் எத்தனை தேறும்? அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

தென்னாப்பிரிக்காவின் டர்பனில் சாட்ஸ்வொர்த், ஃபீனிக்ஸ் பக்கத்துப் பிள்ளைகளுக்குக் கணக்கு சொல்லிக்கொடுக்கிறேன். வருகிறவர்கள் மூன்று வகை: மெட்ரிக் (இங்கே பன்னிரண்டாம் வகுப்பு இறுதித் தேர்வுக்கு அதுதான் பெயர்) எழுதப்போகிறவர்கள், லர்னர்ஸ் லைசென்ஸ் சோதனைக்குப் படிப்பவர்கள், பல்கலைக்கழக முதலாண்டில் புள்ளியியலிடம் மாட்டிக்கொண்டவர்கள். மூவரும் சுற்றிச்சுற்றி ஒரே இடத்துக்குத்தான் வந்து சேர்கிறார்கள்: "தெரியாத கேள்விக்கு, கொடுத்திருக்கும் விடைகளில் சும்மா ஒன்றைக் குறித்தால் என்ன ஆகும்?" அவர்கள் கேட்டதையும் நான் சொன்னதையும் இங்கே தமிழில் எழுதிவைக்கிறேன். தமிழ்நாட்டிலிருந்தும் இலங்கையிலிருந்தும் புதிதாக வந்த பெற்றோர்களுக்கும் உதவும்.

இங்கே பள்ளியில் தசமத்துக்குக் காற்புள்ளி போடுவார்கள்: 0,25. தமிழ் வாசகர்களுக்குப் பழக்கம் என்பதால் இந்தப் பக்கத்தில் 0.25 என்று புள்ளியே வைத்திருக்கிறேன்.

இந்தக் கணக்குக்குப் பெயர் என்ன? மெட்ரிக் பாடத்தில் இருக்கிறதா?

ஈருறுப்புப் பரவல். இத்தனை கேள்வியில் எத்தனை சரியாக வர எவ்வளவு வாய்ப்பு என்று சொல்லும் பட்டியல் அது. ஒவ்வொரு கேள்விக்கும் சரி, தவறு என்று இரண்டே முடிவு. கேள்விகளின் எண்ணிக்கை முன்பே தெரியும். ஒவ்வொன்றிலும் சரியாக வரும் நிகழ்தகவு மாறாது. ஒன்றின் முடிவு மற்றொன்றைத் தொடாது. இந்த நான்கும் இருந்தால் இந்தப் பரவல் பொருந்தும். நான்கில் ஒன்று இல்லையென்றால் பொருந்தாது; அந்த இடங்களையும் கீழே பார்ப்போம்.

மெட்ரிக் கணக்கில் இது நேரடியாக இல்லை. ஆனால் மர வரைபடம், எண்ணுதல் விதி, ஒன்றையொன்று தொடாத (சார்பிலா) நிகழ்ச்சிகளின் வாய்ப்புகளைப் பெருக்குவது எல்லாம் இருக்கின்றன. இந்த மூன்றையும் சேர்த்தால் சூத்திரம் தானாக வந்துவிடும். முதலாண்டில் இதைப் புதுப்பாடம் என்று நினைத்துப் பயப்படுகிற பிள்ளைகளிடம் இதைத்தான் முதலில் சொல்வேன்.

சூத்திரத்தை மனப்பாடம் செய்யாமல் புரிந்துகொள்ள முடியுமா?

முடியும். நான்கு கேள்விகள், ஒவ்வொன்றுக்கும் ஏ, பி, சி, டி என நான்கு விடைகள் என்று வைத்துக்கொள்ளுங்கள். கேள்வித்தாளைப் படிக்காமலே குறிக்கிறீர்கள். ஒரு கேள்வி சரியாக வர 1/4, தவறாக 3/4. நான்கில் சரியாக இரண்டு மட்டும் சரியாக வரும் வாய்ப்பு என்ன?

முதல் இரண்டும் சரி, கடைசி இரண்டும் தவறு என்ற ஒரே ஒரு வரிசையை எடுங்கள். 1/4 × 1/4 × 3/4 × 3/4 = 9/256. அந்த இரண்டு சரிகள் வேறு இடங்களிலும் உட்காரலாம். ச என்றால் சரி, த என்றால் தவறு:

சசதத, சதசத, சததச, தசசத, தசதச, ததசச.

ஆறு வரிசை. ஒவ்வொன்றுக்கும் அதே 9/256தான், ஏனென்றால் பெருக்கலில் வரிசை மாறினாலும் விடை மாறாது. ஆக 6 × 9/256 = 54/256, ஏறத்தாழ 0.211.

அவ்வளவுதான் சூத்திரம். அந்த 6 என்பது நான்கு இடங்களில் இரண்டைத் தேர்ந்தெடுக்கும் வழிகளின் எண்ணிக்கை, சேர்வு என்பார்கள். பொதுவாகச் சொன்னால்:

நிகழ்தகவு = சேர்வுகளின் எண்ணிக்கை × (சரிக்கான வாய்ப்பை, சரிகள் எத்தனையோ அத்தனை முறை பெருக்கியது) × (தவறுக்கான வாய்ப்பை, தவறுகள் எத்தனையோ அத்தனை முறை பெருக்கியது).

பிள்ளைகள் மறப்பது எப்போதும் மூன்றாவது பகுதியைத்தான். பத்தில் மூன்று சரி என்றால் மீதி ஏழும் தவறு என்பதும் சேர்ந்தே நடக்க வேண்டும்.

மெட்ரிக் பௌதிகத்தில் பத்துக் கேள்வியையும் குருட்டாம்போக்கில் குறித்தால்?

மெட்ரிக் இயற்பியல் அறிவியலின் இரண்டு தாள்களிலும் முதல் வினா இப்படித்தான் இருக்கும்: பத்துச் சிறு கேள்விகள், நான்கு விடைகள், கேள்விக்கு 2 மதிப்பெண். 150-க்கு 20. இந்தப் பத்துக்கும் முழு அட்டவணை:

0 சரி: 0.0563
1 சரி: 0.1877
2 சரி: 0.2816
3 சரி: 0.2503
4 சரி: 0.1460
5 சரி: 0.0584
6 சரி: 0.0162
7 சரி: 0.0031
8 சரி: 0.0004
9 சரி: 0.00003
10 சரி: 10,48,576-இல் ஒன்று

சராசரி 10 × 1/4 = 2.5. இரண்டரைக் கேள்வி யாருக்கும் சரியாக வராது. இரண்டோ மூன்றோ வருவதுதான் பாதிக்கு மேல் நடக்கும். திட்ட விலக்கம், அதாவது முடிவு சராசரியிலிருந்து வழக்கமாக எவ்வளவு விலகும் என்ற அளவு, 10 × 1/4 × 3/4 என்பதன் வர்க்கமூலம்: 1.37. ஆகவே ஒன்றிலிருந்து நான்குக்குள் விழுவது சாதாரணம், ஆறைத் தாண்டுவது அதிசயம்.

சில பாடங்களுக்குத் தேர்ச்சி 30 விழுக்காடு என்பதை வைத்து இந்த நாட்டில் ஆண்டுதோறும் ஒரு சண்டை நடக்கும். பத்தில் மூன்று வந்தால் அந்த வினாவில் மட்டும் 30 விழுக்காடு. மூன்றோ அதற்கு மேலோ வரும் வாய்ப்பு 0.474, காசு சுண்டிப் போடுவதற்குக் கொஞ்சம் கீழே. இதைக் கேட்டதும் சில முகங்கள் மலர்ந்துவிடும். மீதி 130 மதிப்பெண்ணுக்குக் குறிக்க விடைகள் தர மாட்டார்கள், எழுதத்தான் வேண்டும் என்று உடனே நினைவூட்டுவேன். பத்தையும் ஊகித்தால் சராசரியாகக் கிடைப்பது 150-க்கு 5.

"குறைந்தது ஐந்து" என்று கேட்டால் ஐந்துக்கான வாய்ப்பு மட்டும் போதாதா?

போதாது. ஐந்து, ஆறு, ஏழு, எட்டு, ஒன்பது, பத்து எல்லாவற்றையும் கூட்ட வேண்டும்: 0.0781. ஐந்து மட்டும் என்றால் 0.0584.

"குறைந்தது ஒன்று" என்றால் குறுக்கு வழி உண்டு. ஒன்றுகூட வராத வாய்ப்பை 1-இலிருந்து கழித்துவிடுங்கள். உதாரணமாக நான்கு கேள்வி நிச்சயமாகத் தெரியும், ஆறு தெரியாது, மொத்தம் ஐந்து வந்தால் போதும் என்கிற பிள்ளைக்கு அந்த ஆறில் ஒன்றாவது விழ வேண்டும். முக்கால் என்பதை ஆறு முறை பெருக்கினால் 0.178. கழித்தால் 0.822. ஐந்தில் நான்கு முறைக்கு மேல் தப்பித்துவிடுவான்.

அண்ணா, ரெண்டு விடை நிச்சயமா தப்புன்னு தெரியும், மீதி ரெண்டுல எதுன்னு தெரியல. அதுவும் ஊகம்தானே?

ஊகம்தான். ஆனால் அது வேறு சாதி ஊகம். இந்தப் பக்கத்திலேயே எனக்கு முக்கியமான கேள்வி இதுதான்.

பத்தில் குறைந்தது ஐந்து சரியாக வரும் வாய்ப்பை மூன்று விதமாகப் போட்டுப் பார்ப்போம்.

எதுவும் தெரியாமல் நான்கில் ஒன்று: 0.078.
ஒவ்வொரு கேள்வியிலும் ஒரு விடையை மட்டும் தள்ளி, மூன்றில் ஒன்று: 0.213.
இரண்டைத் தள்ளி, இரண்டில் ஒன்று: 0.623.

விடை தெரிந்த கேள்வி இந்த மூன்று நிலையிலும் ஒன்றுகூட இல்லை. ஆனாலும் எட்டு விழுக்காடு அறுபத்திரண்டாகிவிட்டது. ஒரு கேள்விக்கான வாய்ப்பு இரண்டு மடங்குதான் கூடியது, கால் அரையானது. கோட்டைத் தாண்டும் வாய்ப்போ எட்டு மடங்கு. ஈருறுப்புப் பரவலின் குணமே அதுதான். தேர்ச்சிக் கோடு சராசரிக்கு மேலே தள்ளி இருக்கும்போது, சராசரி கொஞ்சம் நகர்ந்தாலும் கோட்டுக்கு அந்தப் பக்கம் விழும் பங்கு மளமளவென்று ஏறிவிடும்.

ஆகையால் பௌதிகத் தாளில் முதலில் அலகைப் பாருங்கள். விசை கேட்டிருக்கும்போது விடை ஜூலில் இருந்தால் அது போயிற்று. திசையைப் பாருங்கள், மைனஸ் வர வேண்டிய இடத்தில் பிளஸ் இருந்தால் அதுவும் போயிற்று. முழு விடை தெரியாவிட்டாலும் இந்த அளவு எல்லோருக்கும் தெரியும். அதைப் பயன்படுத்தாமல் "எனக்கு ஒன்றுமே தெரியாது" என்று கண்ணை மூடிக்கொள்கிறவர்கள்தான் அதிகம்.

தெரியாததைக் காலியாக விட்டுவிடலாமா?

மெட்ரிக்கில் தவறுக்கு மதிப்பெண் குறைப்பு கிடையாது. காலியாக விட்டால் நிச்சயம் பூஜ்யம், குறித்தால் சராசரியாக அரை மதிப்பெண். விடாதீர்கள்.

தவறுக்கு மதிப்பெண் குறைக்கும் தேர்வில்?

குறைப்பு எவ்வளவு என்பதைப் பொறுத்தது. சில பல்கலைக்கழகத் தேர்வுகளில் சரிக்கு 1, தவறுக்கு 1/3 குறைப்பு என்று வைப்பார்கள். நான்கு விடை என்றால் கண்ணை மூடிய ஊகத்தின் சராசரி 1/4 − (3/4 × 1/3) = 0. லாபமும் இல்லை, நட்டமும் இல்லை. அப்படி வரும்படிதான் அந்த எண்ணையே தேர்ந்தெடுத்திருக்கிறார்கள். ஒரு விடையைத் தள்ள முடிந்தால் சராசரி 1/9, இரண்டைத் தள்ளினால் 1/3. ஆகவே எதையாவது தள்ள முடிந்த கேள்வியைக் குறியுங்கள், முடியாததை நேரம் மிச்சம் என்று விடுங்கள்.

தமிழ்நாட்டில் சித்தி பிள்ளைகள் எழுதும் நீட் என்ற மருத்துவ நுழைவுத் தேர்வைப் பற்றியும் கேட்கிறார்கள். அங்கே சரிக்கு 4, தவறுக்கு 1 குறைப்பு. ஊகத்தின் சராசரி 4/4 − 3/4 = கால் மதிப்பெண். 180 கேள்வியையும் ஊகித்தால் 720-க்கு சராசரியாக 45, திட்ட விலக்கம் 29. பூஜ்யத்துக்குக் கீழே போகவும் இடம் இருக்கிறது. சீட்டுக்கு அது எந்த மூலைக்கும் காணாது என்பது வேறு விஷயம்.

லர்னர்ஸ் சோதனையைப் படிக்காமல் போய் எழுதித் தேற முடியுமா?

காருக்கான லர்னர்ஸ் சோதனையில் 64 கேள்விகள், மூன்று பகுதிகள். சாலை விதிகள் 28, அதில் 22 சரியாக வேண்டும். சாலைக் குறியீடுகள் 28, அதில் 23 வேண்டும். வண்டியின் கட்டுப்பாட்டுக் கருவிகள் 8, அதில் 6 வேண்டும். முக்கியமான விஷயம், மூன்றிலும் தனித்தனியாகத் தேற வேண்டும். ஒன்றில் அதிகம் எடுத்து மற்றொன்றின் குறையை ஈடுகட்ட முடியாது.

எல்லாக் கேள்விக்கும் மூன்று விடை என்று தாராளமாகவே வைத்துக்கொள்வோம். நான்கு இருந்தால் இன்னும் மோசம்.

கருவிகள்: எட்டில் ஆறோ மேலோ வரும் வாய்ப்பு 129/6561, ஏறத்தாழ 0.02. ஐம்பது பேரில் ஒருவர் தப்பிக்கலாம்.
விதிகள்: 8 லட்சத்து 28 ஆயிரத்தில் ஒன்று.
குறியீடுகள்: 65 லட்சத்தில் ஒன்று.

விதிகளுக்கும் குறியீடுகளுக்கும் கேள்வி எண்ணிக்கை ஒன்றே, தேர்ச்சிக்கோடு ஒரே ஒரு கேள்விதான் வித்தியாசம். அந்த ஒரு கேள்வி வாய்ப்பை எட்டில் ஒன்றாகச் சுருக்கிவிட்டது. பரவலின் வால் பகுதியில் ஒவ்வோர் அடியும் இப்படித்தான் செங்குத்தாக இறங்கும்.

மூன்றையும் பெருக்கினால் சுமார் 275 லட்சம் கோடியில் ஒன்று. 2022 கணக்கெடுப்பின்படி தென்னாப்பிரிக்காவில் 6.2 கோடிப் பேர். கைக்குழந்தை முதல் ஆயா வரை அத்தனை பேரும் தினமும் போய்க் கண்ணை மூடிக்கொண்டு எழுதினாலும், ஒருவர் தேறுவதற்கு சராசரியாகப் பன்னிரண்டாயிரம் ஆண்டுகள் காத்திருக்க வேண்டும்.

ஒவ்வொரு கேள்வியிலும் ஒரு விடையைத் தள்ளி அரைக்கு அரை என்று ஆக்கினாலும் 81 லட்சத்தில் ஒன்றுதான். பத்துக் கேள்வித் தாளில் அவ்வளவு கைகொடுத்த வித்தை இங்கே ஏன் எடுபடவில்லை? இரண்டு காரணம். தேர்ச்சிக்கோடு 75 முதல் 82 விழுக்காடு வரை உயரத்தில் இருக்கிறது. கேள்விகளும் அதிகம், கேள்வி கூடக்கூட முடிவு சராசரியை ஒட்டியே நிற்கும், அதிர்ஷ்டத்துக்கு இடம் சுருங்கும்.

எண்பது விழுக்காடு தெரிந்தால் போதும்தானே? தேர்ச்சியே அவ்வளவுதானே?

இதைத்தான் நிறையப் பேர் நம்பிப் போய் வெறுங்கையோடு திரும்புகிறார்கள்.

வீட்டில் பயிற்சித் தாள் எழுதும்போது ஒவ்வொரு கேள்வியும் சரியாக வரும் வாய்ப்பு 0.8 என்கிற ஒருவரை எடுங்கள். விதிகளில் 22 தாண்டும் வாய்ப்பு 0.678. குறியீடுகளில் 23 தாண்டும் வாய்ப்பு 0.501, அதாவது பாதிக்குப் பாதி. கருவிகளில் 0.797. மூன்றும் ஒரே நாளில் நடக்க வேண்டும் என்பதால் பெருக்க வேண்டும்: 0.27. நான்கு பேரில் ஒருவருக்குச் சற்றே மேல். தனித்தனியாகப் பார்த்தால் ஒவ்வொன்றும் பரவாயில்லை போலத்தான் தெரிகிறது. பெருக்கியவுடன் குட்டு உடைகிறது.

இப்போது அதே ஆளின் வாய்ப்பை 0.9 ஆக்குங்கள். விதிகள் 0.982, குறியீடுகள் 0.945, கருவிகள் 0.962. பெருக்கினால் 0.89. பத்துப் புள்ளி கூடினதற்கு 27 விழுக்காடு 89 ஆகிவிட்டது.

இதில் ஊகமும் ஒளிந்திருக்கிறது. எழுபது விழுக்காடு கேள்விக்கு விடை நிச்சயமாகத் தெரியும், மீதி முப்பதை மூன்றில் ஒன்று என்று ஊகிக்கிறார் என்றால் அவருடைய வாய்ப்பு 0.7 + 0.3/3 = 0.8. எண்பத்தைந்து தெரிந்து பதினைந்தை ஊகித்தால் 0.85 + 0.15/3 = 0.9. ஆகவே பயிற்சித் தாளில் 80 விழுக்காடு வாங்கியவருக்கு உண்மையில் தெரிந்தது எழுபதுதான் இருக்கும். பயிற்சி செய்யும்போது ஊகித்த கேள்விகளுக்குப் பக்கத்தில் ஒரு சிறு கோடு போட்டுவையுங்கள். விடை சரியாக வந்திருந்தாலும் அதைப் படிக்காத கணக்கிலேயே சேர்த்து, மறுபடி படியுங்கள். 90-ஐத் தொட்ட பிறகு பணம் கட்டிப் பதிவு செய்தால் போதும்.

எங்கே நேரம் செலவழிப்பது என்று கேட்டால், குறியீடுகளில். கோடு உயரமாக இருப்பது அங்கேதான்.

எல்லாவற்றுக்கும் சி போட்டால் நல்லது என்கிறார்களே?

சராசரி மாறாது, பரவல் மாறும். இது கொஞ்சம் நுட்பமானது.

ஒவ்வொரு கேள்விக்கும் சீட்டுக் குலுக்கிப் போட்டுக் குறித்தால், சரியான விடைகளின் பட்டியலைத் தேர்வு வைக்கிறவர்கள் எப்படித் தயாரித்திருந்தாலும் உங்கள் முடிவு ஈருறுப்புப் பரவல்தான். எல்லாவற்றுக்கும் சி என்றால் அது அந்தப் பட்டியலைப் பொறுத்தது. பத்துக் கேள்வியில் ஏ, பி, சி, டி நான்கையும் ஏறக்குறையச் சமமாகப் பிரித்து வைத்திருந்தால், சி இரண்டோ மூன்றோ இருக்கும். உங்களுக்கும் அதே இரண்டோ மூன்றோதான், கூடவும் கூடாது குறையவும் குறையாது. பூஜ்யம் வாங்கப் பயப்படுகிறவருக்கு அது பாதுகாப்பு. ஐந்து வேண்டும் என்கிறவருக்கு அது கதவைச் சாத்திவிடும்.

மூன்று கேள்வியாக பி, பி, பி என்றே வந்துவிட்டது. நான்காவதும் பி ஆக இருக்காதே?

இருக்கலாம். முந்தின விடைகளைக் கேள்விகள் நினைவில் வைத்துக்கொள்வதில்லை. ஃபாஃபீ ஆடும் வீடுகளில் வளர்ந்தவர்களுக்கு இதை நம்பவைப்பது கஷ்டம். எண்ணில் பணம் கட்டும் விளையாட்டு அது, 36 எண்ணுக்கும் கனவுப் பலன் வைத்திருப்பார்கள். கணக்குப் போட்டுக் கண்டுபிடித்த விடை நான்காவது முறையும் பி என்றால் பி-யே போடுங்கள். வரிசையைப் பார்த்துச் சரியான விடையை அழித்த பிள்ளைகளைப் பார்த்திருக்கிறேன்.

ஒன்றுமே படிக்காதவனைவிடக் குறைவாக வாங்க முடியுமா?

தாராளமாக. விடைகளைத் தயாரிக்கிறவர் சும்மா மூன்று தவறான எண்களை எழுதுவதில்லை. மாணவர்கள் எங்கே சறுக்குவார்கள் என்று பார்த்து அந்த இடத்தில் ஒரு விடையை வைப்பார். மேல்நோக்கி எறிந்த பந்து உச்சியை அடையும்போது அதன் முடுக்கம் என்ன? திசைவேகம் பூஜ்யம் என்று அரைகுறையாக நினைவிருப்பவர் முடுக்கமும் பூஜ்யம் என்பார். அந்த விடை அங்கே தயாராக இருக்கும். உண்மையில் முடுக்கம் கீழ்நோக்கி 9.8தான், உச்சியிலும் அதேதான். ஒன்றும் தெரியாதவனுக்கு இந்தக் கேள்வியில் கால் வாய்ப்பு. அரைகுறைக்கு அதைவிடக் குறைவு.

இங்கே ஈருறுப்புப் பரவலின் அடிப்படையே ஆட்டம் காண்கிறது. கேள்விக்குக் கேள்வி வாய்ப்பு மாறுகிறது. ஒரே தவறான கருத்து மூன்று கேள்விகளில் சேர்ந்தாற்போல் கவிழ்க்கும்போது சார்பின்மையும் போய்விடுகிறது. முன் கேள்வியின் விடையை அடுத்த கேள்வியில் பயன்படுத்தும் தாள்களுக்கும் இதே கதிதான். தெரிந்ததும் தெரியாததும் கலந்து எழுதுகிற மாணவருக்கு மேலே போட்ட கணக்குகள் எல்லாம் தோராயமே. கண்ணை மூடிக் குறிப்பவருக்கு மட்டும்தான் அவை அப்படியே பொருந்தும்.

எங்க கிளாஸ்ல ஒருத்தன் படிக்கவே மாட்டான், பத்துக்கு ஆறு வாங்கிட்டான். காப்பிதானே அங்கிள்?

அவசரப்படாதே தம்பி. ஒருவர் ஊகித்து ஆறோ மேலோ வாங்கும் வாய்ப்பு 0.0197, ஐம்பதில் ஒன்று. ஆனால் வகுப்பில் நாற்பது பேர் ஊகிக்கிறார்கள் என்று வை. நாற்பதில் யாராவது ஒருவருக்காவது அப்படி வரும் வாய்ப்பு 0.55. ஐந்தோ மேலோ என்றால் 0.96. காக்கை உட்காரப் பனம்பழம் விழுந்த கதை. நாற்பது காக்கை உட்கார்ந்தால் ஒரு பழமாவது விழத்தான் செய்யும். விழுந்த பிறகு அந்தக் காக்கையைக் கைகாட்டி "இதற்கு ஐம்பதில் ஒரு வாய்ப்புதான்" என்பது கணக்கு ஆகாது.

இன்னொன்றும் உண்டு. ஊகித்தவர் ஒன்பதோ பத்தோ வாங்கும் வாய்ப்பு சுமார் 34 ஆயிரத்தில் ஒன்று. ஒன்பது வாங்கியவர் ஊகித்திருப்பார் என்பதற்கான வாய்ப்பும் அதுவே என்று எடுத்துக்கொள்ளக் கூடாது. இரண்டும் வேறு. அவர் ஒருவேளை ராத்திரியில் உட்கார்ந்து படித்திருக்கலாம், காப்பியும் அடித்திருக்கலாம். அவற்றின் வாய்ப்பு தெரியாமல் முன்னதிலிருந்து பின்னதற்குத் தாவ முடியாது. காப்பியைப் பிடிக்க வேண்டுமென்றால் சரியான விடைகளை விட்டுவிட்டு, இரண்டு தாளிலும் தவறுகள் ஒன்றுபோல் இருக்கின்றனவா என்று பார்ப்பார்கள்.

நாற்பதுக்கு இருபத்திரண்டு வாங்கினால் உண்மையில் எத்தனை தெரியும்?

நான்கு விடைத் தாள் என்றால் தவறுகளை மூன்றால் வகுத்துச் சரியிலிருந்து கழியுங்கள்: 22 − 18/3 = 16. பதினாறு தெரியும், மீதி 24-ஐ ஊகித்ததில் 6 விழுந்திருக்கும். சராசரிக் கணக்கு இது. ஒரு தனி மாணவருக்கு இரண்டு மூன்று முன்பின் இருக்கும்.

இதெல்லாம் ஏட்டுக் கணக்கு. நிஜத்தில் யாராவது சோதித்துப் பார்த்திருக்கிறார்களா?

இந்த நாட்டுக்காரரே பார்த்திருக்கிறார். ஜான் கெரிச், ஜோஹன்னஸ்பர்க் விட்ஸ் பல்கலைக்கழகத்துக் கணித ஆசிரியர். 1940 ஏப்ரலில் அவர் கோபன்ஹேகனில் இருந்தபோது ஜெர்மன் படை டென்மார்க்குக்குள் நுழைந்துவிட்டது. அவரைப் பிடித்து முகாமில் வைத்தார்கள். அங்கே பொழுதைப் போக்க, உடன் இருந்த ஒருவரைச் சேர்த்துக்கொண்டு ஒரு நாணயத்தைப் பத்தாயிரம் முறை சுண்டிப் போட்டுக் குறித்துவைத்தார். தலை விழுந்தது 5,067 முறை.

எதிர்பார்ப்பு 5,000, திட்ட விலக்கம் 50. 67-ஓ அதற்கு மேலோ, எந்தப் பக்கமாவது விலகும் வாய்ப்பு சுமார் 0.18. ஆகவே அந்த நாணயத்தைக் குறை சொல்ல முடியாது. இன்னொன்றையும் அதில் பாருங்கள்: பத்தாயிரம் முறை போட்டும் சரிபாதி வரவில்லை, எண்ணிக்கையில் 67 தள்ளித்தான் நிற்கிறது. விழுக்காடாகப் பார்த்தால் 50.67. அதிக முறை செய்தால் விழுக்காடுதான் நெருங்கும், எண்ணிக்கை நெருங்க வேண்டிய கட்டாயம் இல்லை. முதலாண்டு மாணவர்கள் தேர்வில் இதை மாற்றி எழுதுகிறார்கள்.

கால்குலேட்டரில் எப்படிப் போடுவது?

இங்கே பெரும்பாலான பிள்ளைகளிடம் இருப்பது காசியோ எஃப்எக்ஸ்-82 இசட்ஏ பிளஸ். பத்தில் மூன்றுக்கான சேர்வு வேண்டுமென்றால் 10 அழுத்தி, ஷிஃப்ட், பிறகு வகுத்தல் பொத்தான், பிறகு 3. விடை 120. அதோடு 0.25-இன் மூன்றாம் அடுக்கையும் 0.75-இன் ஏழாம் அடுக்கையும் பெருக்கினால் 0.2503.

கணினியில் எக்ஸெல் இருந்தால் பைனாம்.டிஸ்ட் (BINOM.DIST) என்ற ஃபங்ஷன் வேலையை முடித்துவிடும். எத்தனை சரி, மொத்தம் எத்தனை கேள்வி, ஒரு கேள்விக்கான வாய்ப்பு, கடைசியாக ட்ரூ அல்லது ஃபால்ஸ் என்று நான்கு கேட்கும். ஃபால்ஸ் என்றால் அந்த ஓர் எண்ணுக்கு மட்டும். ட்ரூ என்றால் பூஜ்யத்திலிருந்து அதுவரை கூட்டியது. தென்னாப்பிரிக்க அமைப்பில் இருக்கும் கணினி தசமத்துக்குக் காற்புள்ளியை எதிர்பார்க்கும், அதனால் நான்கையும் பிரிக்க அரைப்புள்ளி போட வேண்டும். பிழை காட்டினால் முதலில் அதைச் சரிபாருங்கள்.

"குறைந்தது ஐந்து" வேண்டும்போது 1-இலிருந்து கழிக்க வேண்டியது நான்கு வரையிலான கூட்டுத்தொகை, ஐந்து வரையிலானது இல்லை. நான்கு என்று கொடுத்தால் 0.0781 வரும். ஐந்து என்று கொடுத்தால் வருவது 0.0197, அது குறைந்தது ஆறுக்கான விடை.